வசனத்தை மறுத்த நாயகி

1972இல் ஜப்பானின் தோயே ஸ்டூடியோவில் 25 வயது நடிகை ஒருவரிடம் ஒரு திரைக்கதையைக் கொடுத்தார்கள். பெண்கள் சிறை, அடி உதை, நிர்வாணம், பழிவாங்கல் என அந்தக் காலத்து மலிவுப் படத்துக்கு வேண்டிய சரக்கு எல்லாம் அதில் இருந்தது. தோரு ஷினோஹாரா வரைந்த காமிக்ஸ் தொடர்தான் மூலம். அதன் நாயகி வாயைத் திறந்தால் வசவுதான் வரும். நடிகைக்கு அது ஒட்டவில்லை. இவள் பேசவே வேண்டாம், வெறுமனே பார்க்கட்டும் என்றார். முதன்முதலாகப் படம் இயக்க வந்திருந்த ஷுன்யா இட்டோ அதை ஏற்றுக்கொண்டார்.

அந்த நடிகை மெய்கோ காஜி. படம் ‘பெண் கைதி 701: தேள்’. அந்த ஆண்டு ஆகஸ்டில் வெளியாகி நன்றாக ஓடியது; அடுத்த பதினாறு மாதங்களில் அதே நாயகியை வைத்து மேலும் மூன்று படங்கள் வந்தன. பெண்ணுடலைக் காட்டிக் காசு பார்ப்பதற்கென்றே உருவான ஒரு படவகையில், எதையும் விட்டுக்கொடுக்காத ஒரு முகம் நட்சத்திரமானது. காஜியின் தொழில் வாழ்க்கையைப் புரட்டிப் பார்த்தால், அவர் ஒப்புக்கொண்ட வேடங்களைப் போலவே, மாட்டேன் என்று சொன்ன இடங்களும் அவரை உருவாக்கியிருப்பது தெரியும்.

அந்தப் படவகை ஏன் தோன்றியது என்பதற்குச் சில எண்களே போதும். 1958இல் ஜப்பானியத் திரையரங்குகளில் விற்ற டிக்கெட்டுகள் 112 கோடிக்கு மேல். அப்போதைய மக்கள்தொகை ஒன்பது கோடிச் சொச்சம். அதாவது குழந்தை முதல் கிழவர் வரை ஒவ்வொருவரும் ஆண்டுக்குப் பன்னிரண்டு முறை படம் பார்த்த கணக்கு. 1960இல் நாட்டில் 7,400க்கும் அதிகமான திரையரங்குகள் இருந்தன. பிறகு வீட்டுக்கு வீடு தொலைக்காட்சி வந்தது. 1959இல் பட்டத்து இளவரசரின் திருமணம், 1964இல் டோக்கியோ ஒலிம்பிக்ஸ் என்று ஒவ்வொரு பெரிய நிகழ்ச்சியும் பெட்டி விற்பனையை ஏற்றிவிட்டது. 1972இல் டிக்கெட் விற்பனை இருபது கோடிக்கும் கீழே இறங்கியிருந்தது. அரங்குகளில் பாதிக்கு மேல் மூடப்பட்டுவிட்டன.

தொலைக்காட்சிக்கு முதலில் போனவர்கள் பெண்களும் குடும்பங்களும். தியேட்டரில் மிஞ்சியவர்கள் பெரும்பாலும் இளைஞர்கள், தனியாக நகரத்துக்கு வந்து வேலை பார்த்தவர்கள், மாணவர்கள். வீட்டுக் கூடத்தில் காட்ட முடியாத எதையாவது திரையில் காட்டினால்தான் இவர்கள் டிக்கெட் வாங்குவார்கள் என்று முதலாளிகள் கணக்குப் போட்டார்கள். சிறு தயாரிப்பாளர்கள் 1960களின் தொடக்கத்திலேயே ‘பிங்க் படம்’ எனப்பட்ட மலிவான காமப் படங்களை எடுக்கத் தொடங்கியிருந்தார்கள். பெரிய ஸ்டூடியோக்கள் சில ஆண்டுகள் முகம் சுளித்துவிட்டுப் பிறகு அதே வழியில் இறங்கின.

காஜி இந்தச் சரிவின் நடுவில்தான் தொழிலுக்கு வந்தார். 1947 மார்ச்சில் டோக்கியோவில் பிறந்தவர். இயற்பெயர் மசாக்கோ ஓட்டா. 1965இல் நிக்காட்சு நிறுவனத்தில் ஒப்பந்த நடிகையாகச் சேர்ந்தார். யூஜிரோ இஷிஹாராவின் அடிதடிப் படங்களும் சயூரி யோஷினாகாவின் இளமைக் காதல் படங்களும்தான் அந்த நிறுவனத்தின் அடையாளம். ஒப்பந்த நடிகைக்குத் தேர்வு என்று எதுவும் கிடையாது. சொன்ன படத்தில், சொன்ன வேடத்தில் நிற்க வேண்டும். நான்கு ஆண்டுகள் அவர் தங்கையாகவும் தோழியாகவும் கூட்டத்தில் ஒருத்தியாகவும் நின்றார்.

1969இல் மசாஹிரோ மக்கினோ நிக்காட்சுவுக்காக ‘நிஹோன் சங்க்யோதென்’ என்ற யாக்குசா (ஜப்பானிய ரவுடிக் கும்பல்) படத்தை இயக்கினார். மக்கினோ பழைய ஆள். ஜப்பானிய சினிமாவின் தந்தை எனப்படும் ஷோசோ மக்கினோவின் மகன், மௌனப் படக் காலத்திலிருந்தே இயக்கி வந்தவர். அவர்தான் இந்தப் பெண்ணுக்கு மெய்கோ காஜி என்ற திரைப்பெயரைச் சூட்டினார். அடுத்த ஆண்டே தெருவோ இஷீயின் இயக்கத்தில், முதுகில் டிராகன் பச்சை குத்திய யாக்குசா தலைவியாக ஒரு பேய்ப் படத்தில் நாயகியானார்.

அவரைத் தனியாகத் தெரியவைத்தது ‘ஸ்ட்ரே கேட் ராக்’ வரிசை. 1970 மே முதல் 1971 ஜனவரி வரை ஒன்பதே மாதத்துக்குள் ஐந்து படங்கள்; யசுஹாரு ஹசேபே மூன்றையும் தோஷியா ஃபுஜிதா இரண்டையும் இயக்கினார்கள். முதல் படத்தின் நட்சத்திரம் அகிகோ வாடா என்ற பாடகி. காஜி அதில் துணைப் பாத்திரம்தான். ஆனால் நேராகப் பார்க்கும் பார்வையோடு அவர் நின்ற விதம் எடுபட்டது. அதன் பிறகு வரிசை அவருடையதாகிவிட்டது.

இவை ரவுடிப் பெண்களின் கூட்டத்தைப் பற்றிய அவசரப் படங்கள். மோட்டார் சைக்கிள், ராக் இசை, கத்தி, கிளப். ஆனாலும் அந்தக் காலத்தின் புண்கள் அவற்றில் அப்படியே இருக்கின்றன. ஒரு படம் தச்சிகாவா அமெரிக்க ராணுவத் தளத்தை ஒட்டிய ஊரில் நடக்கிறது. அமெரிக்கச் சிப்பாய்களுக்கும் ஜப்பானியப் பெண்களுக்கும் பிறந்த இளைஞர்களை உள்ளூர்க் கும்பல் ஒன்று ஜீப்பில் துரத்தித் துரத்தி அடிக்கிறது. இன்னொன்றில் வியட்நாம் போருக்குப் போகாமல் ஓடிவந்த அமெரிக்கச் சிப்பாய் ஒருவனை ஸ்வீடனுக்குத் தப்பவைப்பதற்காக, அவனுடைய ஜப்பானிய நண்பர்கள் எல்எஸ்டி மாத்திரைகளை விற்கப் பார்க்கிறார்கள். பெரிய இயக்குநர்களின் கௌரவமான படங்கள் தொடத் தயங்கிய விஷயங்களை இந்தத் துரிதப் படங்கள் போகிற போக்கில் தொட்டன. நிர்வாகத்துக்குக் கவலை, வாரா வாரம் இரட்டைப் படக் காட்சிக்குப் படம் கிடைக்கிறதா என்பதுதான். அதில் என்ன அரசியல் இருக்கிறது என்று யாரும் குடையவில்லை.

1971இல் நிக்காட்சு தள்ளாடி விழுந்தது. ஆகஸ்டில் வழக்கமான தயாரிப்பை நிறுத்திய நிறுவனம், நவம்பரில் ‘ரோமன் போர்னோ’ என்ற புதிய வரிசையோடு திரும்பி வந்தது. எழுபது நிமிடம் சொச்சம் நீளம், மிகக் குறைந்த செலவு, சில நாள் படப்பிடிப்பு. குறிப்பிட்ட இடைவெளிகளில் படுக்கையறைக் காட்சி வந்துவிட வேண்டும். மற்றதெல்லாம் இயக்குநரின் இஷ்டம். திறமையுள்ள இளம் இயக்குநர்கள் அந்தச் சுதந்திரத்தைப் பயன்படுத்திக்கொண்டார்கள். நடிகைகளின் நிலைமை வேறு. ஏற்கெனவே பெயர் பெற்றிருந்தவர்கள் ஒவ்வொருவராக வெளியேறினார்கள். பிங்க் படங்களிலிருந்து வந்த கசுகோ ஷிராகாவா போன்றவர்கள் அந்த இடத்தை நிரப்பினார்கள். அடுத்த ஜனவரியில் போலீஸ் இந்த வரிசையின் சில படங்களைக் கைப்பற்றியது. ஆபாச வழக்கு 1980வரை இழுத்து, எல்லோரும் விடுதலையானார்கள்.

காஜி ரோமன் போர்னோவில் நடிக்க மறுத்து, நிக்காட்சுவை விட்டு தோயேவுக்கு வந்தார்.

தோயே ஒன்றும் மடம் அல்ல. ஷிகேரு ஒகாதா 1971இல்தான் அதன் தலைவரானார். காமமும் வன்முறையும் கலந்த படங்களை முழு மூச்சாகத் தள்ளினார். பின்னாளில் ‘பிங்கி வயலன்ஸ்’ என்று பெயர் பெற்ற ரவுடிப் பெண் படங்கள் அங்கிருந்து வரிசையாக வந்தன. ரெய்கோ இக்கே, மிக்கி சுகிமோட்டோ இருவரும் அவற்றின் முகங்கள். மேலாடை அவிழ்த்துவிட்டுக் கத்திச் சண்டை போடுவது அந்தப் படங்களின் அடையாளமாகவே ஆகிவிட்டது.

ஆனால் அதே நேரத்தில் தோயேவுக்கு வேறொரு பள்ளம் விழுந்திருந்தது. ‘செம்பியோனி’ சூதாடி வரிசையில் எட்டுப் படங்கள் நடித்து, யாக்குசா சினிமாவின் ஒரே பெரிய பெண் நட்சத்திரமாக இருந்த ஜுங்கோ ஃபுஜி, கபுகி மரபு நாடக நடிகர் ஒருவரை மணந்துகொண்டு 1972 மார்ச்சில் திரையை விட்டு விலகினார். அவருடைய விடைபெறும் படத்தை இயக்கியவர் மக்கினோ, காஜிக்குப் பெயர் வைத்த அதே மக்கினோ. கிமோனோவும் கண்ணியமுமாக வாள் வீசும் பெண் போய்விட்டாள். அவளுடைய இடத்துக்கு வந்தவளிடம் கண்ணியத்தைக் காப்பாற்றும் பொறுப்பு எதுவும் இல்லை. கோபம் மட்டும் இருந்தது.

‘தேள்’ கதை எளியது. நாமி மட்சுஷிமா தான் காதலிக்கும் போலீஸ்காரனுக்காக ஒரு யாக்குசா கும்பலுக்குள் போகிறாள். அவன் அவளைத் தூண்டில் புழுவாகப் பயன்படுத்துகிறான். அவளைக் கும்பல் சிதைத்ததையே தன் பதவி உயர்வுக்குப் படிக்கட்டாக்கிக்கொள்கிறான். அவனைக் குத்தப் போய்ச் சிறைக்கு வருகிறாள் நாமி. மற்றதெல்லாம் சிறைச் சித்திரவதை, தப்பித்தல், பழி.

இந்தக் கதையை வைத்துக்கொண்டு இட்டோ செய்தது எளியதல்ல. தோயேவில் பத்தாண்டுக்கும் மேலாக உதவி இயக்குநராக உழைத்தவர்; தொழிற்சங்கத்தில் தீவிரமாக இருந்தவர். படத்தின் தொடக்கக் காட்சியிலேயே சிறை முற்றத்தில் தேசியக் கொடியும் தேசிய கீதமுமாக ஒரு விழா நடக்கிறது. சிறை அதிகாரிக்குப் பாராட்டு. சைரன் அலறுகிறது. இரண்டு கைதிகள் ஓடிக்கொண்டிருக்கிறார்கள். நாமி ஏமாற்றப்பட்ட கதை வரும்போது மேடை நாடகம் போல அரங்கம் சுழல்கிறது, கண்ணாடித் தரையின் அடியிலிருந்து காமிரா மேலே பார்க்கிறது. வெள்ளைத் துணியில் பரவும் ரத்தம் வட்டமாகி, ஜப்பானியக் கொடியாகவே தெரிகிறது. வாரக் கடைசியில் சண்டையும் சதையும் பார்க்க வந்த கூட்டத்துக்கு இதைத்தான் அவர் காட்டினார்.

அதே ஆண்டு டிசம்பரில் வந்த இரண்டாவது படம் இன்னும் துணிச்சலானது. பாதாளச் சிறையில் கையும் காலும் கட்டப்பட்ட நாமி, ஒரு கரண்டியை வாயில் கவ்விக் கல் தரையில் தேய்த்துக் கூராக்குகிறாள். அதுதான் தொடக்கம். ஏழு பெண் கைதிகள் தப்பி எரிமலைச் சாம்பல் படிந்த ஊர்களின் வழியே நடக்கிறார்கள். ஒரு சுற்றுலா பஸ்ஸில் வரும் நடுத்தர வயது ஆண்கள், சீனாவில் போர்க்காலத்தில் பெண்களை என்னவெல்லாம் செய்தோம் என்று சிரித்துப் பேசுகிறார்கள். பிறகு தப்பி வந்தவர்களில் ஒருத்தியை அதேபோல் செய்கிறார்கள். படம் முழுவதும் காஜி பேசுவது சில சொற்கள் மட்டும். மூன்றாவது படம், சுரங்க ரயிலில் தன்னோடு விலங்கிட்டுக்கொண்ட போலீஸ்காரனின் கையை வெட்டிவிட்டு, அந்தக் கை தொங்கத் தொங்க அவர் நகரத் தெருவில் ஓடுவதோடு தொடங்குகிறது.

வசனம் இல்லாத நடிப்பு எப்படி வேலை செய்தது? எதிரே நிற்பவர்களைப் பார்த்தால் புரியும். வார்டர்கள் கத்துகிறார்கள், சக கைதிகள் ஏசுகிறார்கள், அதிகாரி மிரட்டுகிறான். எல்லோரும் மிகை நடிப்பு. நடுவில் ஒரு முகம் மட்டும் அசையாமல் இருக்கிறது. அதனால் பார்ப்பவரின் கண் வேறெங்கும் போவதில்லை. காமிரா அவரை எவ்வளவு துருவினாலும் அவர் திருப்பிப் பார்க்கிறார். பார்வையை முதலில் விலக்குவது எப்போதும் எதிராளிதான். முதல் படத்தில் அவருக்கும் நிர்வாணக் காட்சிகள் உண்டு. ஆனால் படம் முடிந்து வெளியே வந்தவர்களின் நினைவில் தங்கியது கறுப்புத் தொப்பியும் நீண்ட கறுப்பு மேலங்கியும் அந்தக் கண்களும்.

பேசாத நாயகி பாடினாள் என்பது இதில் இன்னொரு வேடிக்கை. ‘உராமி புஷி’ என்ற வஞ்சப் பாட்டை இட்டோவே எழுத, ஷுன்சுகே கிகுச்சி இசையமைக்க, காஜி பாடினார். உரக்கப் பாடவில்லை, தாழ்ந்த குரலில், யாருக்கோ கணக்கை நினைவுபடுத்துவது போலப் பாடினார். படத்தைத் தாண்டி அந்தப் பாட்டு தனியே பிரபலமானது.

இவை பெண்ணுரிமைப் படங்களா என்ற வாதம் அன்றிலிருந்து ஓயவில்லை. முதல் படம் வந்த அடுத்த மாதம், 1972 செப்டம்பரில், டோக்கியோவின் ஷிஞ்சுகுவில் பெண் விடுதலை இயக்கத்தினர் தங்கள் மையத்தைத் திறந்தார்கள். அதே பேட்டைத் தியேட்டர்களில் ‘தேள்’ படங்களுக்கு ஆண்கள் வரிசையில் நின்றார்கள். எழுதியவர், இயக்கியவர், காசு போட்டவர் எல்லோரும் ஆண்கள். வன்புணர்ச்சிக் காட்சிகளைக் காமிரா கண்டிக்கிறதா, ரசிக்கிறதா என்று பல இடங்களில் பிரித்துச் சொல்ல முடியாது. பழிவாங்கும் உரிமை நாயகிக்குக் கிடைக்க, முதலில் அவள் இரண்டு ரீல் நேரம் சித்திரவதைப்பட வேண்டியிருக்கிறது. அதே சமயம் சட்டம், சிறை, போலீஸ், குடும்பம் எதுவும் பெண்ணுக்குத் துணையில்லை என்று இவ்வளவு பச்சையாகச் சொன்ன படம் அன்றைய ஜப்பானிய வணிக சினிமாவில் வேறு அதிகம் இல்லை. இரண்டுமே உண்மை. காஜியின் நடிப்பு இல்லையென்றால் முதல் உண்மை மட்டுமே மிஞ்சியிருக்கும். 1976இலும் 1977இலும் வேறு நடிகைகளை வைத்து தோயே ‘தேள்’ படங்களை எடுத்துப் பார்த்தது. அவற்றைத் தேடிப் பார்ப்பவர்கள் இன்று குறைவு.

1973 டிசம்பரில் காஜியின் இரண்டு படங்கள் ஒரே மாதத்தில் வந்தன. ஒன்று, நான்காவது ‘தேள்’. இட்டோ விலகிவிட்டதால் பழைய ஹசேபே இயக்கினார்; காஜிக்கு அதுவே கடைசித் ‘தேள்’. இன்னொன்று தோஹோ நிறுவனம் வெளியிட்ட ‘லேடி ஸ்னோபிளட்’. கசுவோ கொய்கே எழுதி கசுவோ காமிமுரா வரைந்த காமிக்ஸ் கதை. இயக்கியவர் ‘ஸ்ட்ரே கேட்’ நாட்களின் ஃபுஜிதா.

மெய்ஜி பேரரசர் ஆட்சிக் காலத்தின் தொடக்கம். அரசு கட்டாய ராணுவச் சேவையைக் கொண்டுவர, கிராமங்களில் கலவரம். வெள்ளை உடையில் வந்த பள்ளி ஆசிரியரை ஆள் பிடிக்க வந்த அதிகாரி என்று கிளப்பிவிட்டு நால்வர் கொல்கிறார்கள். அவருடைய மனைவியைச் சீரழிக்கிறார்கள். அவர்களில் ஒருவனைக் கொன்று சிறைக்குப் போகும் அந்தப் பெண், பாக்கிப் பழியைத் தீர்க்க ஒரு பிள்ளை வேண்டும் என்று காவலர்களோடு கூடிக் கருவுற்று, பனி கொட்டும் இரவில் மகளைப் பெற்றுவிட்டு இறக்கிறாள். அந்த மகள் யுக்கி. பழிக்கென்றே பெற்று, பழிக்கென்றே வளர்க்கப்பட்டவள். குடைக் காம்புக்குள் வாள். வெண்ணிறக் கிமோனோ. வெட்டினால் ரத்தம் நீரூற்றாகப் பீறிடுகிறது.

‘தேளி’ன் நாமிக்கு ஒரு காதல் பொய்யானது, யுக்கிக்கு இழப்பதற்கென்று சொந்த வாழ்க்கையே இல்லை. காஜி இங்கே கொஞ்சம் பேசுகிறார். ஆனால் பழிவாங்கும்போது முகத்தில் மகிழ்ச்சி வருவதில்லை. கடமையைச் செய்துவிட்டு அடுத்த பெயரைத் தேடிப் போகிறார். இதிலும் மையப் பாட்டு அவருடையதுதான்: கொய்கே எழுதி மசாஆகி ஹிராவோ இசையமைத்த ‘ஷுரா நோ ஹானா’. 1974இல் இரண்டாம் பாகம் வந்தது. அத்தோடு அந்த வரிசையும் முடிந்தது.

இயக்குநர் கிஞ்சி ஃபுக்காசாகு அவரை வேறு விதமாகப் பயன்படுத்தினார். 1973இல் வந்த ‘ஹிரோஷிமா டெத்மேட்ச்’ படத்தில், போரில் கணவனை இழந்த இளம் விதவை. யாக்குசா தலைவனின் உறவுக்காரப் பெண் என்பதால் அவள் யாரைக் காதலிப்பது என்பதைக் கும்பல் தீர்மானிக்கிறது. 1976இன் ‘யாக்குசா கிரேவ்யார்ட்’ படத்தில் கொரிய ரத்தம் கலந்தவள். அந்தக் காரணத்தாலேயே எந்தப் பக்கத்திலும் இடமில்லாதவள். கையில் வாள் இல்லாத இந்த வேடங்களில் அவர் தோற்கும் பெண்களையும் நடிக்கக் கூடியவர் என்பது வெளிப்பட்டது.

விமர்சகர்களின் அங்கீகாரம் 1978இல்தான் வந்தது. யசுசோ மசுமுரா ‘சோனெசாகி காதலர் தற்கொலை’ நாடகத்தைப் படமாக்கினார். சிக்காமட்சு மோன்சாயெமோன் 1703இல் பொம்மலாட்டத்துக்காக எழுதியது. ஒசாகாவின் விலைமாதர் இல்லத்துப் பெண் ஓஹட்சுவும், சோயா சாஸ் கடைச் சிப்பந்தி தோக்குபெய்யும் சேர்ந்து உயிர் விடும் கதை. ராக் பாடகர் ரியூடோ உசாகி ஜோடி. காஜி அந்த மரணத்தை அழுகையாக நடிக்கவில்லை. உலகத்தோடு கொண்ட வழக்கில் தான் வென்றதாகவே நடித்தார். புளூ ரிப்பன், கினெமா ஜும்போ, மாய்னிச்சி, ஹோச்சி என அந்த ஆண்டின் சிறந்த நடிகை விருதுகள் வரிசையாக அவரிடம் வந்தன. சிறைக் கைதியாக அவர் வளர்த்தெடுத்த பார்வைதான் அந்தப் படத்திலும் வேலை செய்தது. ஜூரிகள் அதைக் கவனிக்க ஒரு செவ்விலக்கியம் தேவைப்பட்டது.

வெளிநாட்டில் பெயர் பரவ இன்னும் கால் நூற்றாண்டு ஆனது. அமெரிக்க இயக்குநர் குவென்டின் டாரன்டினோ 2003இல் ‘கில் பில்’ முதல் பாகத்தை எடுத்தபோது அத்தியாயம் அத்தியாயமாகக் கதை சொல்லும் முறையையும், பனி பெய்யும் தோட்டத்தில் நடக்கும் வாள் சண்டையையும் ‘லேடி ஸ்னோபிளட்’ படத்திலிருந்து எடுத்துக்கொண்டார். சண்டை முடிந்ததும் ஒலிப்பது ‘ஷுரா நோ ஹானா’. இரண்டாம் பாகத்தின் இறுதிப் பெயர்ப் பட்டியலில் ‘உராமி புஷி’. இரண்டிலும் காஜியின் குரல். அதுவரை அவருடைய பெயரைக் கேள்விப்படாத இளைஞர்கள் அமெரிக்காவிலும் ஐரோப்பாவிலும் பழைய படங்களின் டிவிடிகளைத் தேடத் தொடங்கினார்கள். முப்பது ஆண்டுகளுக்கு முன் ஒரு வாரம் ஓடினால் போதும் என்று எடுக்கப்பட்ட படங்கள், பிரதிகள் சீர்செய்யப்பட்டுத் திரைப்பட விழாக்களுக்குப் போயின.

ஜப்பானில் அவரை வீட்டுக்கு வீடு தெரிந்துகொண்ட வழி வேறு. எழுத்தாளர் ஷோட்டாரோ இகெனாமியின் கதைகளிலிருந்து வந்த ‘ஓனிஹெய்’ தொலைக்காட்சித் தொடரில், எடோ (பழைய டோக்கியோ) நகரத்துக் காவல் தலைவனுக்குத் துப்புக் கொடுக்கும் முன்னாள் திருடி ஓமசாவாக 1989இல் நடிக்கத் தொடங்கினார். கபுகி நடிகர் இரண்டாம் நக்காமுரா கிச்சியெமோன் நாயகன். சினிமாவைத் தின்ற அதே தொலைக்காட்சி. இரவுச் சாப்பாட்டுக்குப் பிறகு குடும்பத்தோடு பார்க்கிற தொடர். ‘தேள்’ படங்கள் நான்கும் சேர்ந்து அவருடைய வாழ்க்கையில் பதினாறு மாதங்கள். ஓமசாவை அவர் 2016இல் தொடர் முடியும் வரை, 27 ஆண்டுகள் நடித்தார்.